புளிச்சகீரையின் பூண்டு வேடிக்கை

ஊரையே சிரிக்க வைத்தவனைப் பெற்ற தாயே பேப்பரில் விளம்பரம் கொடுத்து, இவன் என் மகனில்லை என்று சொன்னாள். பர்மாவின் மண்டலேயில் அது ஒன்றும் அதிசயமில்லை. ராணுவம் ஆட்சியைப் பிடித்த பிறகு அரசாங்கப் பேப்பரில் இந்த மாதிரி விளம்பரங்கள் வரிசை கட்டி வந்தன. பெற்றோர் சொல்லை மீறி நடந்ததால் மகனைக் கைகழுவிவிட்டோம், இனி அவன் காரியத்துக்கு நாங்கள் பொறுப்பில்லை. எல்லோருக்கும் ஒரே வாசகம்தான், பெயர் மட்டும் மாறும். விளம்பரம் போடாத வீட்டுக்குச் சிப்பாய்கள் வந்து சாமான்களை வெளியே வீசி, கதவுக்கு முத்திரை வைத்துவிட்டுப் போவார்கள். பெற்ற பாசத்தை இப்படியா சந்தி சிரிக்க வைப்பது? கேட்பதற்கு ஆளில்லை.

அவன் பெயர் ஞெய்ன் லுவின். அந்தப் பெயரைச் சொன்னால் அவன் தெருக்காரனுக்கே விழிக்கத் தோன்றும். புளிச்சகீரை என்றால் ஐராவதி நதியின் இரண்டு கரையிலும் தெரியும். அன்யெய்ன் கூத்தில் ஆட்டக்காரி ஆடி ஓய்ந்து மூச்சு வாங்கும் நேரத்தில் கோமாளிகள் மேடையேறி வாயாடுவார்கள். அவர்களில் ஒருவன் இவன். கூட்டம் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரிக்கும், இவன் மட்டும் புளித்ததைத் தின்ற முகத்தோடு நிற்பான். அதனால் வந்த பெயர்.

ராணுவம் வந்த சில மாதத்தில் ஒரு கல்யாண வீட்டில் தளபதியின் தொப்பையைப் பற்றி ஏதோ சொன்னான். கல்யாணச் சாப்பாடு முடிவதற்குள் விஷயம் போக வேண்டிய காதுக்குப் போய்விட்டது. காடும் மலையும் கடந்து, ஆற்றைத் தாண்டி, தாய்லாந்து எல்லையிலிருக்கும் மே சோட் ஊருக்கு வந்து சேர்ந்தான். அவனோடு அவன் ஜோடிக் கோமாளி பிலூவும் ஆட்டக்காரி மா கேத்தியும் வந்தார்கள்.

விளம்பர யோசனையைச் சொன்னதே ஞெய்ன் லுவின்தான். யாரோ ஒருவரின் போனிலிருந்து அம்மாவைக் கூப்பிட்டான்.

"பேப்பர்ல போட்ரும்மா. வீடாவது மிஞ்சும்."

அவன் அம்மா டோ ஓன் ச்சி சந்தை முனையில் மோந்தி நூடுல்ஸ் விற்று அந்த வீட்டைக் கட்டியவள். "பெத்த வாயால எப்படிடா சொல்லுவேன், இவன் எம் புள்ள இல்லைன்னு?"

"வாயால யாரு சொல்லச் சொன்னா? பேப்பர் ஆபீஸ்ல எழுதியே வச்சிருக்கான். நீ பேரை மட்டும் குடு."

"அதுக்குக் காசு வேற வாங்குவானே, படுபாவி."

"என்னைப் பெத்த செலவோட சேர்த்துக்க."

அவள் சிரிக்கவில்லை. "இதுக்கப்புறம் நீ கூப்பிடக்கூடாது, இல்ல?" என்று கேட்டாள்.

"கூடாது."

"சரி. நேரத்துக்குச் சாப்பிடு."

விளம்பரம் வந்தது. வீடு தப்பியது. வட்டார அதிகாரி எப்போதாவது வாசலில் வந்து நின்று, "மகன்கிட்டருந்து ஏதும் தகவல் உண்டா?" என்று கேட்பான். "எந்த மகன்?" என்று அவள் கேட்பாள். அவனும் தலையாட்டிவிட்டுப் போவான். கிழவி கெட்டிக்காரிதான். ஆனால் ஒரு லாரிக்காரர் மூலமாக எல்லைக்கு ஒரு பொட்டலம் வந்தது. பிசைந்து தின்ன ஊறவைத்த தேயிலை, எள், வேர்க்கடலை, பொன்னிறத்தில் வறுத்த பூண்டு. யார் அனுப்பியது என்று லாரிக்காரர் சொல்லவில்லை. இவன் கேட்கவுமில்லை. மூடியைத் திறந்து முகர்ந்தவன் வெளியே போய் டயர்க்கடைச் சுவரோரம் உட்கார்ந்து அழுதுவிட்டு வந்தான்.

மே சோட்டில் பகலில் ஞெய்ன் லுவினும் பிலூவும் கட்டட வேலைக்குப் போனார்கள். ஞாயிற்றுக்கிழமை வாடகை வீட்டுக் கூடத்தில் ஒரு போர்வையைத் தொங்கவிட்டு, போனை நிமிர்த்தி வைத்து, நேரலையில் கூத்து நடத்தினார்கள். உலகத்தின் மூலைமுடுக்கில் இருக்கும் பர்மாக்காரர்கள் பார்த்தார்கள். அகதி முகாமுக்கு அரிசி வாங்கப் பணம் அனுப்பினார்கள். உள்நாட்டில் இருப்பவர்கள் சத்தத்தைக் குறைத்து வைத்துக்கொண்டு பார்த்தார்கள். பார்க்கக்கூடாதவர்களும் பார்த்தார்கள்.

இந்தக் கோமாளிகளுக்கு ஒரு வழக்கமுண்டு. அடுத்தவனைக் கேலி செய்வதற்கு முன் தன் வீட்டைக் கேலி செய்ய வேண்டும். பெண்டாட்டியின் குறட்டை, மாமியாரின் பல்செட், அம்மாவின் கஞ்சத்தனம், இப்படி ஏதாவது. தன் மானத்தை முதலில் மேடையில் வைத்தால்தான் பிறத்தியார் மானத்தில் கைவைக்க உரிமை வரும். மண்டலேயில் அவன் அம்மாவைப் பற்றிச் சொல்லாத கூத்தே கிடையாது. சந்தையில் எல்லோரும் அதைச் சொல்லிச் சிரிப்பார்கள், அவளும் மோந்தி பிசைந்துகொண்டே இவனைத் திட்டுவாள்.

ஒரு ஞாயிறு கூத்து எடுபடவேயில்லை. மா கேத்திக்குக் காய்ச்சல். ஆடாமல் ஓரமாக உட்கார்ந்திருந்தாள். பிலூ விட்ட வேடிக்கை ஒவ்வொன்றும் நனைந்த பட்டாசாய்ப் போயிற்று. பார்ப்பவர்கள் கழன்றுகொண்டே இருந்தார்கள். அன்றைக்குத்தான் சனி ஞெய்ன் லுவின் நாக்கில் வந்து உட்கார்ந்தது.

"எங்கம்மா என்னை வேணாம்னு பேப்பர்ல போட்டாங்கல்ல?" என்றான் புளித்த முகத்தோடு.

"போட்டாங்க," என்றான் பிலூ.

"மறுமாசம் தேயிலைப் பொட்டலம் வருது. பூண்டை அள்ளிப் போட்ருக்காங்க. மகன் இல்லைன்னு ஆனவனுக்கே இவ்வளவு பூண்டு. ஏம்மா, மகனா இருந்தப்ப மட்டும் எண்ணி எண்ணிப் போட்டியே, அது எந்த ஊரு நியாயம்?"

போன் திரை சிரிப்புப் படங்களால் நிரம்பி வழிந்தது. பணம் வந்து குவிந்தது. மா கேத்தி காய்ச்சலோடு விழுந்து சிரித்தாள். பிலூவுக்கு மட்டும் அடுத்த பேச்சு எழவில்லை. அவன் முகத்தைப் பார்த்த பிறகுதான் ஞெய்ன் லுவினுக்கு, தான் என்ன சொன்னோம் என்பதே உறைத்தது. சொல் வெளியே போய்விட்டது. போனைப் பிடுங்கி நேரலையை அழித்தான். அழித்தால் ஆச்சா? அதற்குள் நூறு பேர் எடுத்து வைத்துக்கொண்டுவிட்டார்கள்.

அந்த வாரமே அக்கா மா ஏ ம்யா கூப்பிட்டாள். புது எண். பின்னால் சந்தை இரைச்சல் கேட்டது.

"அம்மாவைக் கூட்டிட்டுப் போய்ட்டாங்க. வீட்டுக்கு முத்திரை வச்சாச்சு."

அவன் போனைக் காதோடு அழுத்திக்கொண்டு வெளியே வந்தான்.

"அன்னிக்கு நிறைய பேரு சிரிச்சாங்களா தம்பி?"

"அக்கா..."

"கேக்குறேன்ல. சிரிச்சாங்களா?"

"சிரிச்சாங்க."

"நல்லது. அது போதும் உனக்கு," என்று வைத்துவிட்டாள்.

விசாரணையில் நடந்தது பிற்பாடு லாரிக்காரர் வழியாகத் தெரிந்தது. அவர் பேரை அம்மா கடைசிவரை சொல்லவில்லை. அந்த நேரலையைப் போட்டுக் காட்டி, இவன் யார் என்று கேட்டிருக்கிறார்கள். "யாரோ ஒரு கிறுக்கன்," என்றாளாம். அப்புறம் ஏன் தேயிலை அனுப்பினாய்? "தெருநாய்க்கும்தான் சோறு வைக்கிறேன். அதுக்காக அதை நானா பெத்தேன்?" அதிகாரிகளில் ஒருவன் சிரித்துவிட்டானாம். இன்னொருவன் அவளை அடித்தான்.

மழைக்காலம் முழுவதும் உள்ளே வைத்திருந்தார்கள். கால் வீங்கி, மூச்சு இரைக்க வெளியே வந்தாள். மகள் வீட்டுக் கூடத்தில் படுக்கை. ஞெய்ன் லுவின் ஊருக்குப் போய்ச் சரணடைகிறேன் என்று மூட்டை கட்டினான். பிலூ வாசலை மறித்துக்கொண்டு நின்றான்.

"போய் என்னடா செய்வே? உன்னைக் கொன்னுட்டு அம்மாவுக்கு வீட்டைத் திருப்பிக் குடுத்துருவானா? அவங்க அடி வாங்கிச் சொன்ன பொய்யை நீ போயி உடைக்கப் போறியா?"

ஞெய்ன் லுவின் மூட்டையைப் பிரித்தான். அதன் பிறகு மேடையில் அவன் வாய் திறக்கவில்லை. மூங்கில் தாளக்கட்டையைத் தட்டிக்கொண்டு ஓரமாக உட்கார்ந்திருந்தான். புளிச்சகீரை எங்கே, புளிச்சகீரை எங்கே என்று திரையில் கேட்பார்கள். அவன் படிப்பதில்லை.

குளிர் ஆரம்பித்தபோது டோ ஓன் ச்சி இறந்தாள். அக்கா அனுப்பிய குரல் பதிவு இவ்வளவுதான்: "அம்மா போய்ட்டாங்க. வலி இல்லாமத்தான் போனாங்க. நீ போன்ல எதுவும் போடாதே, எங்கேயும் பேரைச் சொல்லாதே. இன்னும் பார்த்துட்டுத்தான் இருக்காங்க. எனக்கும் புள்ளைங்க இருக்கு."

இறந்தவரின் உயிர் ஏழு நாள் தன் மனிதர்களைச் சுற்றிக்கொண்டிருக்கும். ஏழாம் நாள் பிக்குகளுக்குச் சோறு போட்டு, பெற்றவளின் பேரைச் சொல்லிப் புண்ணியத்தைப் பங்கிட்டுக் கூப்பிட்டால்தான் அது கேட்டு, வாங்கிக்கொண்டு, நிம்மதியாகப் போகும். அதைக்கூடச் செய்யாவிட்டால் பிள்ளை எதற்கு? கைக்காசையெல்லாம் போட்டு எல்லைக்கரை மடத்தில் சோறும் கோழிக்குழம்பும் ஏற்பாடு செய்தான். நாடுவிட்டு வந்தவர்கள் நிறையப் பேர் வந்தார்கள். தானம் என்றால் படமெடுக்காமல் நம் ஜனங்களால் இருக்க முடியாது. நாலைந்து போன்கள் அவனைப் பார்த்து உயர்ந்தன. நிறுத்துங்கள் என்றால் ஏன் என்று கேட்பார்கள். யாரிடம் என்ன சொல்வது? யார் யாருடைய ஆள் என்று அவனுக்கென்ன தெரியும்?

பிக்கு வயதானவர், காது மந்தம். குவளைத் தண்ணீரை அவன் கையில் கொடுத்து, மெல்ல வார்க்கச் சொன்னார்.

"இந்தப் புண்ணியம் யாருக்குப்பா? அப்பாவுக்கா, அம்மாவுக்கா?"

அவன் தண்ணீரை வார்த்தான். தட்டில் சொட்டுவதைப் பார்த்துக்கொண்டே இருந்தான். தூணோரம் நின்ற பிலூ தலையைக் குனிந்துகொண்டான்.

"தெரிஞ்ச ஒரு பெரியம்மாவுக்குச் சாமி," என்றான்.

"சத்தமாச் சொல்லு."

"தெரிஞ்ச ஒரு பெரியம்மா."

"பேரைச் சொல்லிக் கூப்பிடு. பேரு சொன்னாத்தான் அவங்களுக்குக் கேக்கும்."

போன்கள் இன்னும் கொஞ்சம் கிட்டே வந்தன.

"பேரு தெரியாது சாமி," என்றான் ஞெய்ன் லுவின்.

பிக்கு தலையை ஆட்டிவிட்டு, பேர் தெரியாத அந்தப் பெரியம்மா எங்கிருந்தாலும் வந்து பெற்றுக்கொள்ளட்டும் என்று ஓதினார். எல்லோரும் கைகூப்பி ஆமோதிப்பாய் சாது, சாது, சாது என்றார்கள். அவனும் அவர்களோடு சேர்ந்து சொன்னான்.