உங்க வண்டிதான் இடிக்குது

ஒரே ஒரு காரை வைத்துக்கொண்டு பத்தொன்பது வருடமாக அவர் ஓட்டுநர் பயிற்சிப் பள்ளி நடத்திவந்தார். பள்ளி என்றால் கட்டடமெல்லாம் கிடையாது. வீட்டின் முன்னறையில் ஒரு மேஜை, இரண்டு நாற்காலி, சாலைக் குறிகள் அச்சடித்த ஓர் அட்டை. மற்ற எல்லாம் காருக்குள்தான். அவர் உட்காரும் பக்கத்திலும் ஒரு பிரேக் மிதி பொருத்தியிருந்தது. அதற்கு மேலே அரை அங்குல உயரத்தில் அவருடைய கால் எப்போதும் தயாராக நின்றுகொண்டிருக்கும். வீட்டில் டிவி பார்க்கும்போதுகூட அந்தக் கால் தரையை அழுத்திப் பார்க்கும் என்று அவர் தங்கை சொல்வாள். கற்றுக்கொள்ள வந்தவர்கள் வைத்த பெயர் பிரேக் அக்கா. அவரைவிட மூத்தவர்களும் அப்படியே கூப்பிட்டார்கள்.

அக்காவுக்கு ஐம்பத்திரண்டு வயது. கணவர் சரக்குக் கப்பலில் சமையல்காரர், வருடத்தில் எட்டு மாதம் கடலில் இருப்பார். குழந்தைகள் இல்லை. பள்ளிக்கூட அலுவலகம் ஒன்றில் எழுத்தராக இருந்த தங்கை கல்யாணம் வேண்டாம் என்று சொல்லிவிட்டு அதே வீட்டின் மாடியில் குடியிருந்தாள். சாப்பாடு கீழே. சண்டையும் கீழேதான்.

அந்தக் காரில் சத்தம் வர ஆரம்பித்து எட்டு மாதம் ஆகியிருந்தது. நல்ல ரோட்டில் ஒன்றும் இருக்காது. மேடு பள்ளத்தில் மெதுவாகப் போகும்போது முன்பக்கம் எங்கேயோ ‘டக்’ என்று ஒரு அடி. வேகத்தடையில் இரண்டு அடி. ஒர்க்‌ஷாப்காரர் கேட்டுவிட்டு ஷாக் அப்சார்பர் போய்விட்டது என்றார். இரண்டையும் மாற்றினார். ஒரு வாரம் சத்தம் அடங்கியதுபோல் இருந்தது, பிறகு திரும்ப வந்தது.

“பழைய வண்டிக்கா. முனகத்தான் செய்யும்” என்றார் அவர்.

அக்காவும் அதோடு விட்டுவிட்டார். ஓட்டக் கற்றுக்கொள்கிறவர்கள் சத்தம் கேட்டுத் திடுக்கிட்டால், “அதைக் கண்டுக்காதீங்க, ரோட்டைப் பாருங்க” என்பார். பெரும்பாலானவர்கள் கண்டுகொள்ளவில்லை.

மருந்துக்கடைக்காரர் கண்டுகொண்டார். அவருக்கு ஐம்பத்தெட்டு வயது. வாழ்க்கை முழுக்க மனைவி ஓட்ட, பக்கத்தில் உட்கார்ந்து போனவர். மனைவிக்கு இரண்டு வருடத்தில் பார்வை மங்கிக்கொண்டே வந்து, எதிரே வருகிறவரின் முகம் தெரியாத அளவுக்குப் போய்விட்டது. மருத்துவமனைக்கு மாதம் இரண்டு தடவை கூட்டிப் போக வேண்டும். கார் வீட்டிலேயே நிற்கிறது. அதனால் ஓட்டக் கற்றுக்கொள்ள வந்தார். மாத்திரையைப் பாதியாக உடைக்கிறபோது தூள்கூடச் சிந்தாத கை, ஸ்டியரிங்கைத் தேவைக்கு மேல் திருப்பியது. ஒவ்வொரு தடவை ‘டக்’ என்றதும் அவர் கண்ணாடியில் பின்னால் பார்ப்பார்.

“நான் எதையாவது இடிச்சுட்டேனா மேடம்?”

“இல்ல சார். நீங்க போங்க.”

“ஏதோ அடிபட்ட மாதிரி...”

“வண்டி பழசு சார். போங்க.”

மூன்று மாதம் இப்படியே போனது. ஒரு தடவை மனைவியும் பின் சீட்டில் உட்கார்ந்து வந்தார். ஜன்னல் கண்ணாடியை இறக்கிவிட்டு, தலையைச் சாய்த்துக்கொண்டு வந்தார்.

லைசென்ஸ் தேர்வு நாளில் அக்கா தேர்வு அலுவலகத்தின் கம்பி வேலிக்குள் நின்று சாலையைப் பார்த்துக்கொண்டிருந்தார். காரில் மருந்துக்கடைக்காரரும் பக்கத்தில் தேர்வு அதிகாரியும். கிளம்பியது நன்றாகவே இருந்தது. திருப்பம் நன்றாக இருந்தது. குழாய் பதிக்கத் தோண்டி மூடிய இடத்தில் சக்கரம் இறங்கியபோது, வேலிக்கு இப்பால் நின்ற அக்காவுக்கே அந்தச் சத்தம் கேட்டது. கார் நடுரோட்டில் அப்படியே நின்றது. கதவு திறந்தது. மருந்துக்கடைக்காரர் இறங்கி, முன்சக்கரத்துக்குப் பக்கத்தில் மண்டிபோட்டு, வண்டிக்கு அடியில் குனிந்து பார்த்தார். பின்னால் வந்த வேன் ஹாரன் அடித்தது.

அதிகாரி நல்ல மனிதர். அக்காவிடம் காகிதத்தைக் கொடுத்துவிட்டு, “நடு ரோட்டுல வண்டிய நிறுத்திட்டு இறங்கிட்டாரும்மா. நான் என்ன பண்ண முடியும்?” என்றார்.

“பூனையோ நாயோன்னு நினைச்சேன் மேடம்” என்றார் மருந்துக்கடைக்காரர்.

அடுத்த புதன்கிழமைக்கு மறுதேர்வு எழுதிக் கொடுத்துவிட்டு, திரும்பும்போது அக்காவே ஓட்டினார். அதே பள்ளம், அதே சத்தம். பக்கத்தில் உட்கார்ந்திருந்தவர் இந்தத் தடவை பின்னால் திரும்பிப் பார்க்கவில்லை. மடியில் வைத்திருந்த தன் கைகளையே பார்த்துக்கொண்டு வந்தார்.

அன்று சாயங்காலம் அவர் மனைவி போன் செய்தார்.

“பிரேக் அக்காவா? மருந்துக்கடை வீட்டம்மா பேசறேன். அன்னைக்கு பின் சீட்ல வந்தேனே.”

“சொல்லுங்கம்மா. சாரை மனசு தளர வேண்டாம்னு சொல்லுங்க. பயம்தான் காரணம், பழகினா...”

“பயம் இல்லம்மா. எனக்குக் கண்ணுதான் போச்சு, காது நல்லாத்தான் இருக்கு. என் வீட்டுக்காரர் எதையும் இடிக்கல. உங்க வண்டிதான் இடிக்குது.”

“பழைய வண்டிங்க...”

“நான் இருபத்தேழு வருஷம் வண்டி ஓட்டினவ. ஓட்டத் தெரிஞ்சவங்க சத்தத்தோட ஓட்டிடலாம். கத்துக்கறவங்களுக்கு அது அவங்க தப்பா வண்டி தப்பான்னு எப்படித் தெரியும்? மனுஷன் சாப்பிடாம உக்காந்திருக்காரு.”

போனை வைத்த பிறகு அக்கா மேஜையருகே வெகுநேரம் இருந்தார். அந்த எட்டு மாதத்தில் தேர்வில் தவறியவர்கள் வேறு யார் என்று யோசித்துப் பார்த்தார். இரண்டு பேர் நினைவுக்கு வந்தார்கள். ஒரு பேக்கரிக்காரர், ஒரு நர்ஸ். இரண்டு பேருமே அந்தத் தோண்டி மூடிய இடத்தில்தான் தேவையில்லாமல் பிரேக் பிடித்தார்கள். நர்ஸ் பெண் இரண்டு தடவை தவறி, அதற்குப் பிறகு வரவேயில்லை. இரண்டு பேரிடமும் பயம்தான் காரணம் என்று அக்கா சொல்லியிருந்தார்.

ஒர்க்‌ஷாப்காரர் வியாழக்கிழமை கொண்டுவரச் சொன்னார். தேர்வு புதன்கிழமை. போதாக்குறைக்கு, போன தடவை நன்றாக இருந்த ஷாக் அப்சார்பரைக் கழற்றிப் போட்டவரும் அவர்தான். சனிக்கிழமை மாலை அக்கா தங்கையைக் கூப்பிட்டு, காரின் முன்பக்கத்தை இரண்டு கையாலும் அழுத்தி அழுத்தி விடச் சொன்னார். தான் தரையில் சாக்கை விரித்துப் படுத்து, சக்கரத்துக்குப் பின்னால் கையை விட்டார்.

“இன்னும் அழுத்துடி.”

“என் முழு எடையும் இது மேலதான் இருக்கு.”

“உன் முழு எடை இருந்தா வண்டி இந்நேரம் தரையைத் தொட்டிருக்கும்.”

“எழுந்து வா, யார் எடை எவ்வளவுன்னு பாப்போம்.”

அக்காவின் விரல்கள் ஒவ்வொன்றாகத் தொட்டுப் பார்த்தன. ஸ்பிரிங் இல்லை. ஸ்டியரிங் கம்பி இல்லை. ஒரு சாண் நீளத்தில் ஒல்லியான ஒரு கம்பியைப் பிடித்தபோது, கார் இறங்கி ஏறும் ஒவ்வொரு தடவையும் அது கைக்குள் துடித்தது. ஸ்டெபிலைசர் லிங்க் என்பது அதன் பெயர். திருப்பத்தில் வண்டி ஒரு பக்கமாகச் சாய்ந்துவிடாமல் இருக்க, முன்சக்கரங்கள் இரண்டையும் ஒரு தடித்த இரும்புத் தண்டு இணைக்கிறது. அந்தத் தண்டின் இரண்டு முனைகளையும் சக்கரப் பக்கத்தோடு சேர்ப்பவை இந்தச் சிறிய கம்பிகள். கம்பியின் இரு தலையிலும் கிண்ணத்துக்குள் ஒரு குண்டு இருக்கும். கிண்ணம் தேய்ந்துபோனால் குண்டு உள்ளே ஆடி, ஒவ்வொரு மேட்டிலும் அடிக்கும்.

“கிடைச்சிருச்சு” என்றார் அக்கா, அடியில் படுத்தபடியே.

பத்தொன்பது வருடத்தில் டயர் மாற்றியிருக்கிறார், பேட்டரி மாற்றியிருக்கிறார். இதைச் செய்ததில்லை. ஸ்பேர் பார்ட்ஸ் கடைக்காரர், ஒன்று தேய்ந்தால் மற்றதும் தேய்ந்திருக்கும், ஜோடியாக மாற்றுங்கள் என்று சொல்லி இரண்டு லிங்க் கொடுத்தனுப்பினார்.

ஞாயிற்றுக்கிழமை காலை வீட்டு வாசலில் வேலை தொடங்கியது. சக்கர நட்டுகளை லேசாகத் தளர்த்தி, ஒரு பக்கம் ஜாக்கி போட்டுத் தூக்கி, இரும்பு ஸ்டாண்டை அடியில் கொடுத்து, சக்கரத்தைக் கழற்றினார்கள். துருப்பிடித்த நட்டுகளில் எண்ணெய் அடித்துவிட்டு டீ குடித்தார்கள். கீழ் நட்டு முரண்டு பிடிக்காமல் வந்தது. மேல் நட்டு சுற்றியது, ஆனால் கழலவில்லை. ஸ்பேனர் திரும்பத் திரும்ப நட்டோடு சேர்ந்து நடுவில் இருந்த போல்ட்டும் சுற்றியது. போல்ட்டின் நுனியில் அறுகோணக் குழி ஒன்று இருந்தது. அதில் ஆறு பட்டைச் சாவி கொடுத்து ஒருவர் பிடித்துக்கொள்ள, மற்றவர் நட்டைத் திருப்ப வேண்டும். குழிக்குள் துரு அடைத்திருந்தது. தங்கை கொண்டை ஊசியால் அதைச் சுரண்டி எடுத்து, சாவியைப் பிடித்துக்கொண்டாள்.

“விட்டுடாதே.”

“விடல. அதுதான் என்னை விடுது.”

சாவி வழுக்கியது. அறுகோணம் வட்டமாகிவிட்டது. இனி பிடிக்க ஒன்றுமில்லை.

கணவருக்குப் போன் போட்டுப் பார்த்தார். கப்பல் எங்கேயோ சிக்னல் இல்லாத கடலில் இருந்தது. அக்கா உள்ளே போய் இரும்பு அறுக்கும் ரம்பத்தை எடுத்துவந்தார். ரம்பத்தை முழுதாக இழுக்க இடமில்லை. இரண்டு அங்குலம் இழுத்து இரண்டு அங்குலம் தள்ளித்தான் அறுக்க முடிந்தது. ஒரு பிளேடு உடைந்தது. விரல் முட்டியில் தோல் உரிந்தது. ஒன்றேகால் மணி நேரம் ஆயிற்று.

பாதியில் தங்கை கேட்டாள். “அக்கா, அந்த நர்ஸ் பொண்ணு ஃபெயில் ஆனதும் இதனாலதானா?”

ரம்பச் சத்தம் நின்றது. “அந்தத் துணியை எடு” என்று மட்டும் அக்கா சொன்னார். ரம்பம் மறுபடி ஓடத் தொடங்கியது.

பழைய லிங்க் கழன்று விழுந்தது. புதியதன் மேல் முனை சரியாக உட்கார்ந்தது. கீழ் முனையோ தண்டிலிருந்த துளைக்கு இரண்டு விரல் தள்ளி நின்றது. தள்ளிப் பார்த்தார்கள், தொங்கிப் பார்த்தார்கள். கடைக்காரர் மாற்றிக் கொடுத்துவிட்டார் என்று தங்கை தீர்ப்பே சொல்லிவிட்டாள். அக்கா பழையதையும் புதியதையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்து அளந்தார். ஒரே நீளம்.

தரையில் உட்கார்ந்து யோசித்தார். தண்டு ஒன்றுதான். அதன் இந்த முனை தொங்குகிறது. அந்த முனை தரையில் நிற்கும் சக்கரத்தோடு இருக்கிறது. அந்தப் பக்கம் மேலே தள்ளும்போது இந்தப் பக்கமும் முறுக்கிக்கொண்டு நிற்கிறது.

“அந்தப் பக்கத்தையும் தூக்கணும்டி.”

ஜாக்கியை மறுபக்கம் கொண்டுபோய்த் தூக்கி, இன்னொரு ஸ்டாண்டைக் கொடுத்தார்கள். தண்டு தளர்ந்தது. லிங்கை விரலால் தள்ளினாலே துளைக்குள் போனது. தங்கை கடைக்காரரிடம் மனதுக்குள் மன்னிப்புக் கேட்டுக்கொண்டதாகச் சொன்னாள். மறுபக்கத்து நட்டுகள் அடம்பிடிக்கவில்லை. இருபது நிமிடத்தில் முடிந்தது.

சக்கரங்களை மாட்டி, தோண்டி மூடிய அந்த இடத்துக்கு ஓட்டிப் போய் ஐந்து தடவை ஏறி இறங்கினார்கள். ஒரு சத்தமும் இல்லை. தங்கை கை தட்டினாள். அக்காவுக்குச் சந்தோஷம் வந்ததாகத் தெரியவில்லை. எட்டு மாதமாகத் தள்ளிப்போட்டது ஒரு நாள் வேலையைத்தானே என்று மட்டும் சொன்னார்.

திங்கட்கிழமை மருந்துக்கடைக்காரர் வந்ததும், சாவியைக் கொடுப்பதற்கு முன்னால் சொன்னார்: “சார், தப்பு உங்க மேல இல்ல. வண்டில ஒரு கம்பி தேய்ஞ்சிருந்தது. சத்தம் வருதுன்னு எனக்கு எட்டு மாசமாத் தெரியும். நான்தான் கண்டுக்கல.”

“அப்போ நான் எதையும் இடிக்கல?”

“ஒண்ணையும் இடிக்கல.”

“பூனை?”

“பூனையும் இல்ல சார்.”

அவர் பழைய லிங்கைப் பார்க்க வேண்டும் என்றார். வாங்கி, மருந்து பாட்டிலைக் குலுக்குவதுபோல் காதருகே வைத்துக் குலுக்கினார். பிறகு அதைப் பழைய பேப்பரில் மடித்து, மருந்துக் கடையில் மடிப்பதுபோலவே மூலைகளைச் செருகி, மனைவியிடம் காட்ட எடுத்துப் போகலாமா என்று கேட்டார். அக்கா தலையசைத்தார்.

புதன்கிழமை அந்தப் பள்ளத்தை அவர் ஒரு சஞ்சலமும் இல்லாமல் கடந்தார். ஆனால் பின்னால் எடுத்து நிறுத்தும்போது, நட்டு வைத்திருந்த கம்பத்தைச் சாய்த்துவிட்டார். இறங்கி வந்தபோது முகத்தில் சிரிப்பு.

“இன்னைக்கு நிஜமாவே இடிச்சுட்டேன் மேடம்!”

அடுத்த மாதம் தேறினார். இப்போது மனைவியை மருத்துவமனைக்கு அவர்தான் கூட்டிப் போகிறார். வழி முழுக்க மனைவி கியர் மாற்றச் சொல்லிக்கொண்டே வருவதாகக் கேள்வி.

நர்ஸ் பெண்ணை அக்கா போனில் அழைத்து நடந்ததைச் சொன்னார்.

“நான் எதுக்கும் லாயக்கில்லன்னு நினைச்சு விட்டுட்டேன் அக்கா. இப்ப பஸ்லயே போயிட்டு வரேன்.”

“மறுபடியும் வாம்மா.”

“அப்பவே வண்டியைப் பாத்திருக்கலாமே.”

“பாத்திருக்கலாம். பாக்கல.”

“யோசிச்சுச் சொல்றேன்” என்று போனை வைத்தாள். இதுவரை சொல்லவில்லை. அக்கா இரண்டாவது தடவை கூப்பிடவில்லை. அவளை வற்புறுத்தும் உரிமை தனக்கு இல்லை என்று தங்கையிடம் சொன்னார்.

பேக்கரிக்காரர் வந்தார். அவருக்குக் கோபமெல்லாம் இல்லை, இன்னும் கிளட்ச்தான் பிடிபடவில்லை. செவ்வாய்க்கிழமைகளில் அடுப்பு வேலை முடிந்ததும் நேராக வந்துவிடுகிறார். அவர் இறங்கிப் போன பிறகு ஸ்டியரிங் முழுக்க மாவு. அடுத்த ஆள் வருவதற்குள் அக்கா ஈரத்துணியால் துடைத்து வைக்கிறார்.