மஞ்சள் தொப்பி பசியாறியாச்சா என்று கேட்டது

எங்கள் வீட்டுக்கு அந்த விளையாட்டுப் பெட்டி வந்த நாளிலிருந்தே எனக்கு அதன்மேல் சந்தேகம்தான். என் மனைவியின் தம்பி சிங்கப்பூரில் வேலை செய்கிறார். தனக்குப் புதிதாக ஒன்று வாங்கிக்கொண்டு, பழையதைத் தீபாவளிக்கு வந்தபோது என் மகளிடம் கொடுத்துவிட்டுப் போனார். நன்றாக ஓடுகிற சாமானை யாராவது சும்மா கொடுப்பார்களா?

வெள்ளம் ஏறுகிற ஆற்றுக்குப் பக்கத்தில் குடியிருப்பதால் எங்கள் வீட்டில் மின்சாரச் சாமான் எதையும் இடுப்புக்குக் கீழே வைப்பதில்லை. டிவி உயரமான அலமாரியின் மேல்தான் இருக்கும். நாற்காலி போட்டு ஏறி, பெட்டியை அதன் பக்கத்தில் வைத்து, டிவியின் முதுகில் கம்பியைச் செருகினேன். படம் வரவில்லை.

"பாத்தியா, மாமா கெட்டுப்போனத நம்ம தலையில கட்டிட்டாரு."

"பா, டிவில இன்புட் மாத்தணும்," என்று மகள் ரிமோட்டில் ஒரு பொத்தானை அமுக்கினாள். படம் வந்துவிட்டது.

அதன்பின் அந்தப் பெட்டி என்னைக் கேள்வி கேட்க ஆரம்பித்தது. எந்த மொழி, எந்த நாடு, வைஃபைக்கு என்ன கடவுச்சொல். எல்லாவற்றுக்கும் பதில் சொன்னேன். கடைசியில் என் பிறந்த தேதியைக் கேட்டது.

"விளையாடுற பெட்டிக்கு நான் பொறந்த தேதி எதுக்கு?"

"நீங்க பெரியவரான்னு பாக்குது பா."

"ஏன், பாத்தா தெரியலயா?"

"அதுக்குக் கண்ணு இல்ல பா."

அதை நான் நம்பவில்லை. பெட்டியின் முன்பக்கத்தில் ஒரு சின்ன வெளிச்சம் கண் சிமிட்டிக்கொண்டே இருந்தது.

பிள்ளைகளின் ஆட்டத்தைப் பெற்றோர் கட்டுப்படுத்த ஒரு பூட்டு உண்டு என்று படித்து, அதற்கு எண் போட்டேன். மகளைச் சுவரைப் பார்த்து நிற்கச் சொல்லிவிட்டு, வங்கி இயந்திரத்தில் செய்வதுபோல் உடம்பால் மறைத்துக்கொண்டுதான் போட்டேன். அடுப்படியிலிருந்து மனைவி கேட்டாள்: "பஸ் நம்பர்தானே போட்டீங்க?"

நான் தொழிற்சாலைப் பேருந்து ஓட்டுகிறவன். அந்த எண்ணை அழித்துவிட்டு வேறு எண் போட்டேன். பேச்சுக் குரல் உள்ளே வரக்கூடாது, வெளியே போகவும் கூடாது என்று அதையும் பூட்டினேன். எழுதியும் பேசிக்கொள்ளலாம் என்பது அப்போது எனக்குத் தெரியாது.

ஆட்டம் முடிந்து அணைத்த பிறகும் அந்தச் சின்ன வெளிச்சம் அணையவில்லை.

"அது ஆஃப் ஆகல பா, தூங்குது."

"தூங்குறேன்னு சொல்லிட்டுக் கண்ணத் தொறந்து வச்சிருக்கே!" என்று கம்பியைச் சுவரிலிருந்து பிடுங்கினேன். இன்றுவரை அப்படித்தான் பிடுங்குகிறேன்.

இதைப் படிக்கும் பிள்ளைகள் சிரிக்கலாம். சிரியுங்கள், பரவாயில்லை. ஆனால் மிச்சத்தையும் படியுங்கள்.

அந்தப் பெட்டியில் என் மகளுக்குப் பிடித்தது வீடு கட்டுகிற ஆட்டம். மண்கட்டி, மரக்கட்டை, கல் எல்லாவற்றையும் வெட்டி எடுத்து அடுக்கி, வேண்டியதைக் கட்டிக்கொள்ளலாம். திரையில் அவள் நீளக் காது வைத்த முயல் தொப்பி போட்ட ஒரு பெண். அவள் கட்டிய வீடு, தென்னை உயரத்துக்குக் கால் வைத்து நின்றது. வெள்ளம் வந்தாலும் ஏறாதாம். அந்த ஊரில் மஞ்சள் தொப்பி போட்ட பையன் ஒருவனும் திரிந்துகொண்டிருப்பான். ஆற்றின் குறுக்கே பாலம் கட்டுவான். மாடு, கோழிகளைப் போல அவனும் ஆட்டத்தோடு வந்த பொம்மை என்று நினைத்திருந்தேன்.

ஒன்றைச் சொல்ல வேண்டும். பெட்டி வருவதற்கு முந்தைய வருடம் எதிர்வீட்டுக் குடும்பம் ஜொகூர் பாருவுக்கு மாறிப் போய்விட்டது. அந்த வீட்டுப் பெண்தான் என் மகளுக்கு எல்லாம். எங்கள் சாலையில் அவள் வயதில் வேறு பிள்ளைகள் கிடையாது. அவள் போன பிறகு என் மகள் கேட்டதற்கு மட்டும் பதில் சொல்கிற பிள்ளையாக மாறிவிட்டாள். இந்தப் பெட்டி வந்த பிறகுதான் "பா, பாலம் முடிஞ்சிடுச்சு!" என்று ஓடிவந்து சொன்னாள். அதனால்தான் சந்தேகம் இருந்தும் பேசாமல் இருந்தேன்.

பள்ளி விடுமுறையில் ஒரு நாள். காலைப் பேருந்து ஓட்டத்தை முடித்துவிட்டு வீட்டுக்கு வந்து, தட்டோடு மகளுக்குப் பின்னால் உட்கார்ந்தேன். மஞ்சள் தொப்பிக்காரன் வந்து முயலுக்கு முன்னால் நின்றான். அவன் தலைக்கு மேல் எழுத்து வந்தது. தமிழைத்தான் ஆங்கில எழுத்தில் எழுதியிருந்தான்.

'உங்க அப்பா வேலைக்குப் போயிட்டாரா?'

தட்டைக் கீழே வைத்தேன்.

"யாரு இது?"

"என் பிரண்டு பா. பாலம் கட்டுறவன்."

"ஆளா அது? பொம்மை இல்லயா?"

"பொம்மை எப்படி பா பேசும்?"

"எந்த ஸ்கூலு?"

"தெரியாது."

"மூஞ்சியப் பாத்திருக்கியா?"

"இல்ல."

"வயசு?"

"பத்துன்னு சொன்னான்."

"சொன்னான்! நானும் சொல்லுவேன் பத்துன்னு. ஊர் பேரச் சொன்னியா?"

"இல்ல பா. வீடு ஏன் இவ்ளோ உசரம்னு கேட்டான். எங்க ஊர்ல வெள்ளம் வரும்னு மட்டும் சொன்னேன்."

"அலமாக்! அது போதுமே!"

எழுந்து கம்பியைப் பிடுங்கிவிட்டேன். மகள் அழவில்லை. அழுதிருந்தால் சமாதானம் சொல்லியிருப்பேன். "அவன்கிட்ட போயிட்டு வரேன்னுகூட சொல்லல பா," என்று மட்டும் சொல்லிவிட்டு அறைக்குள் போய்விட்டாள்.

சாயங்கால ஓட்டத்தில் பேருந்து நிறைய ஆட்கள் இருந்தார்கள். என் முதுகுக்குப் பின்னால் எத்தனையோ பேர் பேசுகிறார்கள், கண்ணாடியில் பார்த்தால் ஒவ்வொருவர் முகமும் தெரியும். ஆனால் என் வீட்டு ஹாலுக்குள் வந்து, நான் எப்போது இருப்பேன், எப்போது இருக்கமாட்டேன் என்று கேட்கிறவனுக்கு முகமே இல்லை. வழி முழுக்க அதையே நினைத்துக்கொண்டு ஓட்டினேன்.

பெட்டியை மைத்துனரிடமே திருப்பிக் கொடுத்துவிடலாம் என்றேன். மனைவி ஒத்துக்கொள்ளவில்லை. "பெட்டியக் கொடுத்துட்டா அவன் யாருன்னு தெரிஞ்சிடுமா? இந்தப் பிள்ளைக்கும் வேற யார் இருக்கா? ஊர்ல உள்ளவங்க எல்லாரையும் சந்தேகப்படுறீங்கள்ல, நீங்களே உள்ள போய் விசாரிங்க."

அப்படித்தான் முடிவாயிற்று. மறுநாள் காலை ஓட்டம் முடிந்து வந்ததும் மகளுக்குப் பதிலாக நான் முயல் ஆவது. மஞ்சள் தொப்பி உண்மையிலேயே பிள்ளை என்றால் அவன் இருக்கட்டும். பெரிய ஆள் என்றால் பெட்டி சிங்கப்பூருக்கே போகும். மகள் என் பக்கத்தில் உட்காரலாம், ஆனால் கை வைக்கக்கூடாது.

கண்ட்ரோலரைக் கையில் எடுத்ததும்தான் அது எவ்வளவு கஷ்டம் என்று தெரிந்தது. நடக்க ஒரு கட்டைவிரல், பார்க்க ஒரு கட்டைவிரல்.

"பா, சுவத்தப் பாத்து நடக்குறீங்க."

"தெரியும்."

"பஸ் ஓட்டுற மாதிரி கையத் திருப்பாதீங்க. அது திரும்பாது."

முயல் நேராகப் போய் ஆற்றில் விழுந்தது. எப்படியோ கரையேறினேன். மஞ்சள் தொப்பி பாலத்துப் பக்கம் நின்றுகொண்டிருந்தான். என்னை நோக்கி வந்தான், மரத்தில் முட்டினான், பின்னால் போனான், மறுபடியும் அதே மரத்தில் முட்டினான்.

"இன்னிக்கு அவன் ஒரு மாதிரி இருக்கான் பா," என்றாள் மகள்.

என் சந்தேகம் இரண்டு மடங்காயிற்று. பாலம் கட்டுகிறவன் ஒருவன், கேள்வி கேட்கிறவன் இன்னொருவன். இது தனி ஆளின் வேலையே இல்லை, ஒரு கும்பல்!

ஒவ்வோர் எழுத்தாகத் தேடி அமுக்கி எழுதினேன். 'நீ எந்த ஸ்கூல்?'

வெகுநேரம் கழித்துப் பதில் வந்தது. 'நீ எந்த ஸ்கூல்?'

'நான்தான் முதல்ல கேட்டேன்.'

'நீ சொன்னா நான் சொல்றேன்.'

'உன் டீச்சர் ஆம்பளையா பொம்பளையா?'

'ஏன் கேக்குற?'

பிடி கொடுக்கவே மாட்டேன் என்கிறான். சரியான கள்ளன் என்று நினைத்துக்கொண்டேன். வியர்வையில் கண்ட்ரோலர் வழுக்கியது. அடுத்து என்ன கேட்டு மடக்கலாம் என்று யோசித்துக்கொண்டிருந்தபோது அவன் தலைக்கு மேல் எழுத்து வந்தது.

'பசியாறியாச்சா?'

நானும் யோசிக்காமல், 'ஆச்சு, தோசை' என்று எழுதிவிட்டேன்.

மகள் சோபாவிலிருந்து எழுந்துவிட்டாள். "பா! அவன் ஒரு நாளும் இப்படிக் கேட்டதே இல்ல. சின்னப் பிள்ளைங்க யாராவது பசியாறியாச்சான்னு கேப்பாங்களா?"

அவள் சொன்னது சரிதான். வீட்டுக்கு வருகிற ஆளிடம், பேருந்தில் ஏறுகிற ஆளிடம் என்னைப் போன்றவர்கள்தான் அப்படிக் கேட்போம். பாலம் கட்டுகிற அவசரத்தில் இருக்கும் பிள்ளைக்கு அடுத்தவன் பசி எங்கே ஞாபகம் வரும்? ஆள் பெரியவன்தான்.

'நீ சின்னப் பையன் இல்ல. யார் நீ?' என்று எழுதினேன்.

மஞ்சள் தொப்பி அசையாமல் நின்றான். பிறகு பதில் வந்தது: 'நீயும் சின்னப் பிள்ள இல்ல. பத்து வயசுப் பிள்ள இவ்ளோ மோசமா விளையாடாது.'

மகள் வாயைப் பொத்திக்கொண்டாள். எனக்குக் கோபம் வந்தது. 'என் மககிட்ட உனக்கு என்ன பேச்சு?' என்று எழுத்துகளைத் தேடித் தேடி அமுக்கினேன். நான் அனுப்பிய அதே நேரம் அந்தப் பக்கத்திலிருந்தும் ஒன்று வந்து விழுந்தது.

'என் மகன்கிட்ட உனக்கு என்ன பேச்சு?'

இரண்டு பேரும் பாலத்தருகே எதிரெதிரே நின்றோம். ஒரு கோழி எங்களுக்கு நடுவில் போயிற்று.

எனக்கு அப்போதும் நம்பிக்கை வரவில்லை. மாட்டிக்கொண்டவன் மகன் இருக்கிறான் என்று சொல்லமாட்டானா? "உனக்கும் அந்தப் பையனுக்கும் மட்டும் தெரிஞ்சது ஏதாவது இருக்கா?" என்று மகளைக் கேட்டேன்.

"இருக்கு. நாங்க ரெண்டு பேரும் ஒரு மணியப் பொதச்சு வச்சோம். எங்கன்னு யாருக்கும் தெரியாது."

'உன் மகனை மணியை எடுக்கச் சொல்' என்று எழுதினேன். பிறகு மஞ்சள் தொப்பிக்கு உயிர் வந்தது. விருட்டென்று திரும்பினான், பாலத்தைக்கூடப் பார்க்காமல் ஆற்றைக் கல்லுக்குக் கல் தாவிக் கடந்தான், ஆட்டுக்கொட்டகைக்குப் பின்னால் போய்த் தோண்டினான், மணியோடு வந்து முயலுக்கு முன்னால் குதித்துக் குதித்து நின்றான்.

"அவன்தான் பா! அவன்தான்!"

பையன் ஒருவன் அங்கே இருக்கிறான், சரி. அவனுக்குப் பக்கத்தில் இருப்பது அப்பன்தான் என்பதற்கு என்ன சாட்சி? பூட்டு எண்ணை மறைத்துப் போட்டுக் குரலைத் திறந்தேன். 'பேசு' என்று எழுதினேன். 'நீயும்' என்று வந்தது.

முதலில் கேட்டது குக்கர் விசில். அதற்குப் பின்னால் ஒரு பெண்ணின் குரல். "என்னங்க இது, காலங்காத்தாலே? யாரு அந்தப் பொம்பளப் பிள்ள? முயல் தொப்பி வேற போட்டுக்கிட்டு நிக்கிது!"

"ஐயோ, அது ஆம்பள லா," என்றது ஒரு கரகரத்த குரல். "பிள்ளையோட அப்பாவாம்."

"ஆம்பளயா? எதுக்கு முயல் தொப்பி?"

என் மனைவி கரண்டியோடு வந்து நின்று சிரித்த சிரிப்பு அந்த வீட்டுக்கும் கேட்டிருக்கும். வயதைப் பொய் சொல்லலாம், பள்ளிக்கூடத்தைப் பொய் சொல்லலாம். குக்கர் விசிலுக்கு நடுவே இப்படி ஒரு திட்டை யாரால் நடிக்க முடியும்?

"வணக்கங்க," என்றேன்.

"வணக்கம். கோவிச்சுக்காதீங்க. உங்க முயலு தெனமும் சாயங்காலம் ஒரே நேரத்துல சடார்னு காணாமப் போகுது. கடையச் சாத்திட்டுப் போற ஆள் மாதிரி. இது பிள்ளையே இல்லன்னு நெனச்சேன்."

"எங்க வீட்டுல வெளக்கு வைக்கிற நேரம்ங்க அது. அதுக்கு மேல டிவி கிடையாது. சரி, அப்பா வேலைக்குப் போயிட்டாரான்னு கேட்டது?"

"அதுவும் நான்தான். நெசமாவே பிள்ளையா இருந்தா, அப்படிக் கேட்டதும் அப்பாவக் கூப்பிடும்னு பாத்தேன்."

"கூப்பிடல. நான் பின்னால உக்காந்திருந்தேன், அதனால தெரிஞ்சிச்சு."

"அப்போ சொல்லி வைங்க. நானும் என் பையன்கிட்ட சொல்லி வைக்கிறேன்."

அவர் சொன்னதை உங்களுக்கும் சொல்லி வைக்கிறேன். அப்பா எப்போது வருவார், அம்மா எப்போது போவார் என்று முகம் தெரியாத ஒருவர் கேட்டால், பதில் எழுதாமல் வீட்டிலிருக்கும் பெரியவரைக் கூப்பிடுங்கள். எங்களுக்கு வாய்த்தது நல்ல மனிதர். எல்லாருக்கும் அப்படி வாய்க்கும் என்று நான் நம்பவில்லை.

பெட்டி சிங்கப்பூருக்குப் போகவில்லை. கண்ட்ரோலரை மகளிடம் கொடுத்தேன். அந்தப் பக்கமும் கைமாறியிருக்க வேண்டும். முயலும் மஞ்சள் தொப்பியும் எங்கள் பேச்சு முடியும் வரைகூடக் காத்திராமல் ஓடிவிட்டார்கள். குரலை மறுபடி பூட்டினேன். அவர் எந்த ஊர் என்று நான் கேட்கவில்லை, அவரும் கேட்கவில்லை. பொந்தியானோ, மூவாரோ, எங்காவது இருந்துவிட்டுப் போகட்டும்.

போன சனிக்கிழமை அடுப்படியில் சாப்பிட்டுக்கொண்டிருந்தேன். ஹாலிலிருந்து மகள் தனக்குள் சிரிப்பது கேட்டது. எட்டிப் பார்த்தேன். மஞ்சள் தொப்பியின் தலைக்கு மேல் 'பசியாறியாச்சா?' என்று இருந்தது.

எச்சில் கையோடு ஹாலுக்கு வந்துவிட்டேன். "யாரு அது? அவரா, பையனா?"

"பையன்தான் பா. அவங்க அப்பாவப் பாத்து அவனுக்கும் அந்தப் பழக்கம் வந்துடுச்சு."

"நீ சொன்னா ஆச்சா? ஆத்தத் தாண்டிக் காட்டச் சொல்லு."

அவள் பெருமூச்சு விட்டு எழுதினாள். மஞ்சள் தொப்பி பாலத்தை விட்டு விலகிப் போய், ஒரே மூச்சில் ஆற்றைத் தாண்டினான். போதாதென்று திரும்பியும் தாண்டினான்.

சரி, பிள்ளைதான். நான் போய் மிச்சச் சோற்றைச் சாப்பிட்டேன்.