பன்னிரண்டு கட்டம், இருபது வரிசை

தரைக்கு டைல்ஸ் ஒட்டுகிற வேலையில் அவரை மிஞ்ச ஆள் கிடையாது. கூட வேலை செய்த கொத்தனார்கள் அவருக்கு வைத்த பெயர் ரசமட்டம். மட்டம் பார்க்கிற கருவியின் பெயர் அது. கருவியைப் பையிலிருந்து எடுக்கவே மாட்டார். கன்னத்தைத் தரையில் ஒட்டவைத்து ஒரு கண்ணை மூடுவார். “இடது மூலையில ரெண்டு நூல் இறக்கம்” என்பார். மற்றவர்கள் கருவியை வைத்துப் பார்த்தால் சரியாக ரெண்டு நூல், அதாவது கால் அங்குலம், இறக்கம் இருக்கும். நாலாவதோடு பள்ளிக்கூடத்துக்கு முழுக்குப் போட்டவர். இன்ஜினியர் வரைந்த படத்தில் தப்புக் கண்டுபிடித்து, அந்த இன்ஜினியரையே டீ வாங்கிக் கொடுக்க வைத்தவர். இதையெல்லாம் அடுத்தவர் சொல்லட்டும் என்று காத்திருக்கிற பழக்கமும் அவருக்கு இல்லை. தானே சொல்லிவிடுவார்.

முப்பத்தெட்டாவது வயதில் வீடு வாங்கினார். பஸ் கடைசியாக நின்று திரும்புகிற இடத்தில், ஒட்டி ஒட்டிக் கட்டிய வீடுகளில் ஒன்று. ஒரு ஹால், ரெண்டு அறை, சமையலறை, மாடிக்கு ஏறும் படி. தரை மட்டும் வெறும் சிமெண்ட். வங்கியில் பத்து லட்சம் கடன், இருபது வருடம். மனைவியின் அண்ணன், பஸ் டிரைவர், அதே நாளில் அதே வங்கியில் அதே தொகையை வாங்கி அடுத்த தெருவில் வீடு முடித்தார். மச்சான் கடன் பத்திரத்தை அரை மணி நேரம் வரி வரியாகப் படித்தார். “வட்டி காலத்துக்கேற்ப மாறும்” என்கிற வரியில் விரலை வைத்துக்கொண்டு யோசித்தார். ரசமட்டம் ரெண்டே கேள்வி கேட்டார். மாதம் எவ்வளவு? எத்தனை மாதம்? எட்டாயிரத்து முந்நூற்று அறுபத்து நாலு, இருநூற்று நாற்பது மாதம் என்றார்கள். கையெழுத்தைப் போட்டுவிட்டு மச்சானுக்காக வாசலில் காத்து நின்றார்.

குடி வந்த அன்றே ஹாலை அளந்தார். பன்னிரண்டு அடி அகலம், இருபது அடி நீளம். ஓரடி டைல்ஸ் என்றால் ஒரு வரிசைக்குப் பன்னிரண்டு, மொத்தம் இருபது வரிசை. அப்படியே உட்கார்ந்துவிட்டார். வருடத்துக்கு ஒரு வரிசை, மாதத்துக்கு ஒரு டைல்ஸ். கடனும் ஹாலும் ஒரே அளவு.

மனைவியைக் கூப்பிட்டுச் சொன்னார். ஒவ்வொரு மாதமும் தவணை கட்டியதும், வேலை செய்கிற இடத்தில் மிஞ்சியதில் ஒரு டைல்ஸைச் சொந்தக்காரரிடம் கேட்டு வாங்கி, ஓரடிக்கு வெட்டி எடுத்து வருவார். இருநூற்று நாற்பது சேர்ந்த அன்று கடன் முடியும். மறுநாள் தரை போடுவார். மனைவி அப்போதுதான் ஆஸ்பத்திரிகளுக்குத் துணி வெளுக்கிற லாண்டரியில் இஸ்திரி மேசையில் வேலைக்குச் சேர்ந்திருந்தாள். கடன் முடிகிற அன்றே அந்த வேலையை விட்டுவிடலாம் என்றும் சொன்னார்.

“அதுவரைக்கும் சிமெண்ட்ல நட. அப்புறம் மகாராணி மாதிரி நடக்கலாம்.”

“மகாராணி இருபது வருஷம் கழிச்சா வருவா? கிழவியால்ல வருவா” என்றாள். ஆனாலும் மாடிப்படிக்கு அடியில் இடம் ஒதுக்கிக் கொடுத்தாள். பத்தாவது படித்தவள், கையெழுத்து முத்து முத்தாக இருக்கும். ஒவ்வொரு டைல்ஸின் முதுகிலும் பென்சிலால் மாதத்தையும் வருடத்தையும் எழுதி அடுக்கினாள்.

ஆறு வரிசை சேர்ந்தது. ஏழாவது வருடம் தொடங்கும்போது வங்கியிலிருந்து கடிதம் வந்தது. எட்டாக இருந்த வட்டி பத்தரை ஆகிவிட்டது. மாதம் ஆயிரத்து இருநூற்று நாற்பது கூடுதலாகக் கட்டினால் கடன் சொன்ன நாளில் முடியும். பழைய தொகையையே கட்டினால் தவணைக் காலம் நீளும். எது வேண்டும் என்று கேட்டிருந்தார்கள்.

அந்த ஞாயிற்றுக்கிழமை மச்சான் வீட்டில் எல்லோரும் கூடியிருந்தார்கள். மச்சானுக்கும் அதே கடிதம் வந்திருந்தது. கூடுதலாகவே கட்டிவிடப் போகிறேன், வாரத்துக்கு ரெண்டு டிரிப் அதிகம் ஓட்டினால் சரியாகிவிடும் என்றார். ரசமட்டத்துக்குச் சிரிப்பு அடக்க முடியவில்லை.

“ஏன் மச்சான், அவன் கேட்டதும் மடியை அவுத்துக் காட்டிடுவியா? அவன் வட்டியை ஏத்தினான். நான் ஒரு காசு ஏத்தல. இப்ப யாரு ஜெயிச்சா சொல்லு.”

“காலம் நீளும்னு போட்டிருக்குங்க” என்றாள் மனைவி. கடிதம் அவள் கையில் இருந்தது.

“நீண்டா நீளட்டுமே. கேலண்டரை அவனா அச்சடிக்கிறான்?”

வீடே சிரித்தது. மச்சான்கூடச் சிரித்தார். அவளும் லேசாகச் சிரித்துவிட்டு, கடிதத்தை நாலாக மடித்துக் கைப்பைக்குள் வைத்துக்கொண்டாள். அதன் பிறகு அந்தப் பேச்சை அவள் எடுக்கவே இல்லை.

அவர் எடுத்தார். பதினாலு வருடம், போகிற இடமெல்லாம் எடுத்தார். வங்கிக்காரன் வட்டியை ஏற்றியும் தன்னிடம் ஒரு காசு பிடுங்க முடியாத கதையை, சிமெண்ட் கலக்குகிறவனிடம் சொன்னார், வீட்டுச் சொந்தக்காரர்களிடம் சொன்னார், டீக்கடையில் முன்பின் தெரியாதவனிடம் சொன்னார். கதையின் முடிவில் மச்சான் வருவார், இளிச்சவாய் டிரைவர் என்ற பெயரோடு. வருடா வருடம் வங்கியிலிருந்து வந்த உறைகள் ஒரு பிஸ்கட் டப்பாவுக்குள் போய்ப் படுத்தன. மாதத் தொகை மாறவில்லை. மாறாத ஒன்றை ஏன் பிரித்துப் படிக்க வேண்டும்?

மாறியதெல்லாம் வேறு. நாள் முழுக்க மண்டி போட்டு வேலை செய்ததில் முழங்கால்கள் தேய்ந்தன. வலது முழங்காலில் நீர் கோத்து ரெண்டு முறை ஊசி போட்டு எடுத்தார்கள். இனி மண்டி போடவே கூடாது என்றார் டாக்டர். “இன்னும் பதினோரு மாசம் டாக்டர், அப்புறம் நீங்க சொன்னாலும் போட மாட்டேன்” என்று பதில் சொன்னார். மனைவியின் கைகளில் ஆவி பட்டு வெந்த தழும்புகள் மணிக்கட்டு வரை ஏறியிருந்தன. நெஞ்சில் ஒரு இருமல் வந்து உட்கார்ந்தது, போகவில்லை. ஒரே மகளுக்காக என்று ஒதுக்கிய அறையில் மகள் வாழ்ந்தது பதினோரு வருடம். கல்யாணமாகித் தூர தேசத்துக்குப் போய்விட்டாள். அவள் இல்லாத அறைக்கும் சேர்த்துத்தான் மாதா மாதம் தவணை போய்க்கொண்டிருந்தது.

இருநூற்று நாற்பதாவது டைல்ஸ் வந்தது. பத்து நாளுக்கு முன்பே மனைவியிடம், வேலையை விடப்போவதாக லாண்டரியில் சொல்லிவிடச் சொன்னார். “சொல்லிக்கலாம்” என்றாள். வங்கியில் அடமானமாக இருந்த வீட்டுப் பத்திரத்தை வைக்க ஜிப் வைத்த புது உறை ஒன்று வாங்கினார். மச்சானும் அவரும் ஒரே பஸ்ஸில் வங்கிக்குப் போனார்கள். மச்சான் துணிப்பை கொண்டு வந்திருந்தார். பத்திரம் வாங்கப் போகிறவன் காய்கறி வாங்குகிற பையோடு வருகிறானே என்று வழியெல்லாம் அதைக் கிண்டல் செய்துகொண்டு போனார்.

கடன் பிரிவில் இருந்த பெண்ணுக்கு அவர் மகள் வயதுதான் இருக்கும். மச்சானிடம் நாலு இடத்தில் கையெழுத்து வாங்கிக்கொண்டு பத்திரத்தைக் கொடுத்தாள். அடுத்து ரசமட்டத்தின் கணக்கைத் திறந்தாள். திரையை மேலும் கீழும் நகர்த்திப் பார்த்தாள்.

“சார், உங்களுக்கு இன்னும் எழுபத்தெட்டு மாசம் இருக்கு.”

ஆளை மாற்றிப் பார்க்கிறாய், நன்றாகப் பார் என்றார் சிரித்துக்கொண்டே. அவள் பெயர், விலாசம் எல்லாம் படித்துக் காட்டினாள். இன்றைக்கே முடிக்க வேண்டும் என்றால் நாலு லட்சத்து எழுபத்தோராயிரம் கட்ட வேண்டும் என்றாள். இதுவரை இருபது லட்சம் கட்டியிருக்கிறேனே, வாங்கியதே பத்துதானே என்றார் அவர். குரல் உயர்ந்தது. பக்கத்து மேசைக்காரர்கள் திரும்பிப் பார்த்தார்கள்.

அந்தப் பெண் கோபப்படவில்லை. ஒரு சீட்டைத் திருப்பிப் போட்டு எழுதிக் காட்டினாள். முதல் ஆறு வருடத்தில் ஆறு லட்சத்துக்கு மேல் கட்டினீர்கள். அதில் அசலுக்குப் போனது ஒன்றரை லட்சத்துக்குக் கொஞ்சம் கூட. மிச்சமெல்லாம் வட்டி. வட்டி ஏறிய பிறகு உங்கள் எட்டாயிரத்து முந்நூற்றுச் சொச்சத்தில் ஏழாயிரத்து முந்நூற்று எண்பது வட்டிக்கே போனது. அசலில் மாதம் ஆயிரம்கூடக் குறையவில்லை. அந்த ஆயிரத்து இருநூற்று நாற்பதைக் கட்டியிருந்தால் அது அப்படியே அசலில் கழிந்திருக்கும். பதினாலு வருடத்துக்கும் சேர்த்து ரெண்டு லட்சத்துச் சொச்சம். கட்டாததால் இனிமேல் கட்டப் போவது ஆறரை லட்சம்.

ரசமட்டம் அந்தச் சீட்டைக் கையில் வாங்கிப் பார்த்தார். எண்கள் அவருக்கு அவ்வளவாகப் பிடிபடாது. ஆனால் இது பிடிபட்டது. முதல் வரிசையில் ஒரு நூல் சாய்ந்தால் கண்ணுக்கே தெரியாது. அதைத் திருத்தாமல் இருபது அடி கொண்டுபோனால், எதிர்ச் சுவரில் போய் முட்டும்போது ஒரு கை அகலத்துக்கு இடைவெளி விழும். எத்தனை பேர் போட்ட தரையை இப்படிச் சொல்லியே பெயர்த்தெடுக்க வைத்திருக்கிறார். ஊரார் தரையில் ரெண்டு நூலைக் கண்ணால் பிடித்தவர், தன் வீட்டுக் கடனில் கன்னத்தை வைத்துப் பார்க்கவே இல்லை.

வெளியே வந்ததும் மச்சான் ஏதாவது சொல்வார் என்று பதிலைத் தயாராக வைத்திருந்தார். பதினாலு வருடக் கிண்டலைத் திருப்பிக் கொடுக்க இதைவிட நல்ல நாள் வராது. மச்சானோ துணிப்பையை அவர் கண்ணில் படாத பக்கமாக, இடது கக்கத்தில் இடுக்கிக்கொண்டார். ரெண்டு டீ சொல்லி, காசையும் அவரே கொடுத்தார். பஸ் வந்தபோது, “முட்டி வலிக்கும், நீ முன்னாடி உக்காரு மாப்ள” என்றார். அவ்வளவுதான். திட்டியிருந்தால்கூடத் தாங்கியிருப்பார்.

மனைவி நாலு மணிக்கு வேலையிலிருந்து வந்தாள். அவர் வெறும் சிமெண்டில் சுவரில் சாய்ந்து உட்கார்ந்திருந்தார். ஜிப் உறை பக்கத்தில் காலியாகக் கிடந்தது. சொல்ல வேண்டியதை நாலைந்து விதமாக மனதுக்குள் சொல்லிப் பார்த்திருந்தார். 

“லாண்டரில வேலைய விட்டு நின்னுக்கறேன்னு சொல்லிட்டியா?” என்று மட்டும் கேட்டார்.

“இல்லீங்க. சொல்லவே இல்ல.”

அவர் நிமிர்ந்து பார்த்தார். அவள் செருப்பைக் கழற்றிவிட்டு எதிரில் உட்கார்ந்தாள். எழுபத்தெட்டு மாதம் என்று அவர் சொல்வதற்குள் அவளே சொன்னாள். வட்டி ஏறியபோது வந்த கடிதத்திலேயே போட்டிருந்ததாம், மொத்தம் முந்நூற்றுப் பதினெட்டு மாதம் என்று. அப்புறம் வந்த ஒவ்வொரு உறையையும் பிரித்துப் படித்துவிட்டுத்தான் டப்பாவில் போட்டிருக்கிறாள்.

“தெரிஞ்சு ஏன் சொல்லல?”

“சொன்னேன். அண்ணன் வீட்டுல. எல்லாரும் சிரிச்சீங்க.”

 அவள் இருமினாள். இருமல் நின்றதும், “அடுத்த மாசம் சொல்லலாம், அடுத்த மாசம் சொல்லலாம்னே இருந்தேன். நீங்க ஊரெல்லாம் அதையே பெருமையா சொல்லிட்டுத் திரிஞ்சீங்க. என் மேலயும்தான் தப்பு” என்றாள். மாடிப்படிக்கு அடியில் அடுக்கியிருந்த டைல்ஸைப் பார்த்தாள். “ஞாயித்துக்கிழமை தரையப் போடுங்க.”

“கடன் முடியலியேடி.”

“முடியறப்ப உங்களால மண்டி போட முடியாதுங்க.”

நாலு ஞாயிற்றுக்கிழமை ஆனது. லாண்டரியில் கழித்துப்போட்ட ஆஸ்பத்திரிப் போர்வைகளை மடித்து அவர் முழங்காலுக்கு அடியில் போட்டாள். அவளே பசையைக் கலக்கினாள். ஒவ்வொரு டைல்ஸாக எடுத்து, முதுகில் இருக்கும் மாதத்தைப் படித்துச் சொல்லிவிட்டுக் கொடுத்தாள். ஒரு ஹோட்டல் குளியலறையின் நீலம், ஒரு பள்ளிக்கூட நடையின் சிவப்பு, ஏதோ ஒரு பணக்கார வீட்டின் பூப்போட்ட வெள்ளை. பசையில் வைத்து ரப்பர் சுத்தியலால் தட்டினால் எழுத்து உள்ளே போய்விடும். ஏழாவது வரிசை தொடங்கியபோது அவள் மாதத்தைப் படிக்காமல் கொடுத்தாள். அவரும் கேட்காமல் வாங்கி வைத்தார்.

தரை முடிந்தபோது அவர் பழக்கத்தில் கன்னத்தை வைத்து ஒரு கண்ணை மூடிப் பார்த்தார். ஒரு நூல்கூடப் பிசகவில்லை. எழுந்திருக்கத்தான் முடியவில்லை. அவள் ரெண்டு கையையும் கொடுத்துத் தூக்கிவிட்டாள். மறுநாள் காலையில் வெறுங்காலோடு அந்தத் தரையை ஒரு முறை நீளமாக நடந்து கடந்து, வாசலில் செருப்பை மாட்டிக்கொண்டு லாண்டரிக்குப் போனாள்.

அடுத்த மாதத் தவணை போன அன்று, வேலை முடிந்து கருவிகளைக் கழுவிக்கொண்டிருந்தார். கை தன் பாட்டுக்கு, மிஞ்சிய டைல்ஸ் ஒன்றை எடுத்து ஓரடிக்கு வெட்டிப் பைக்குள் வைத்துவிட்டது. வீட்டுக்கு வந்து எடுத்த பிறகுதான் அவருக்கே உறைத்தது. ஹாலில் வைக்க இடமில்லை. மாடிப்படிக்கு அடியில், காலியான இடத்தில் சாய்த்து வைத்துவிட்டு முகம் கழுவப் போனார்.

திரும்பி வந்தபோது மனைவி அதன் முதுகில் பென்சிலால் எழுதிக்கொண்டிருந்தாள்.