ஆண்டாள் பெயருக்குப் பின்னால் எரிந்த சிவப்பு விளக்கு

எட்டாவதோடு படிப்பை நிறுத்தியவன் நான். எதற்கெடுத்தாலும் பயப்படுவேன். பழைய கார் ஒன்று வாங்கியதும், விபத்து எதுவும் நேரக்கூடாதே என்ற பயத்தில், ராஜபாளையத்தில் ஒரு ஸ்டிக்கர் கடைக்குப் போய், முன்கண்ணாடியின் மேல்பக்கம் 'ஆண்டாள் துணை' என்று அகலமான கறுப்புப் பட்டை ஒட்டச் சொன்னேன்.

ஒட்டியவர், "அண்ணாச்சி, நீங்க நல்ல உயரம். பட்டை கண்ண மறைக்கும். கீழ நாலு விரல் அளவு வெட்டிருதேன்" என்றார்.

வெட்டினால் எழுத்தும் பாதி போய்விடும். "ஆண்டாள் தாயார் பேர்ல பிளேடு வைக்கவா? வேண்டாம்யா, நான் குனிஞ்சு ஓட்டிக்கிடுதேன்" என்றேன்.

மறுநாள் ஸ்ரீவில்லிபுத்தூரில் ஒரு சிக்னல் வந்தபோது குனிய மறந்துவிட்டேன். முன்னால் போன பஸ் சிக்னலைத் தாண்டியதும், நானும் அதன் பின்னாலேயே போனேன். பூக்கூடையோடு ஓர் அம்மா குறுக்கே வந்தார். பிரேக்கை மிதித்தேன். ஒரு சாண் இடைவெளியில் கார் நின்றது. கூடை விழுந்து பூவெல்லாம் ரோட்டில் சிதறியது.

"பாத்து வரக்கூடாதா?" என்று நான்தான் முதலில் கத்தினேன்.

"சிவப்பு எரியுதுய்யா! கண்ணாடியில சாமிய ஒட்டிக்கிட்டு ஆள் மேல ஏத்த வாரீரா?" என்றார் அந்த அம்மா.

குனிந்து பார்த்தேன். எழுத்துக்குப் பின்னால் சிவப்பு விளக்கு எரிந்தது. இறங்கிப் பூவைப் பொறுக்கிக் கொடுத்தேன். மன்னிப்புக் கேட்க வாய் வரவில்லை. அதை நினைத்தால் இன்றும் கூசுகிறது.

அன்றே செருப்பைக் கழற்றி வைத்துவிட்டுப் பட்டையை உரித்தேன். இப்போது கண்ணாடியில் எதுவும் ஒட்டுவதில்லை. யாராவது குறுக்கே வந்தால், கத்துவதற்கு முன் விளக்கைப் பார்க்கிறேன்.