புப்புக்கா என்ற பெயர் வந்த விதம்

இந்த நிகழ்ச்சி தொடங்குவதற்கு முன்னரே நான் முள்ளியவளையில் மதிப்புப் பெற்றிருந்தேன் என்பதை முதலிற் குறிப்பிட வேண்டும். புலமைப்பரிசில் பரீட்சையிற் சித்தியெய்தியிருந்தேன். பேச்சுப் போட்டிகளில் என் பெயர் வாசிக்கப்பட்டால் மற்றத் தாய்மார் தத்தம் பிள்ளைகளை ஒருமுறை திரும்பிப் பார்ப்பார்கள். என் தந்தை பாடசாலை அதிபர். அவருடைய மூத்த மகன் என்ற முறையில், பெரியவர்கள் கூடிப் பேசும் இடத்தில் எனக்குக் கதிரை போடப்படாவிட்டாலும் நிற்பதற்கு இடம் இருந்தது. இவற்றைப் பெருமைக்காகச் சொல்லவில்லை. என் சொல்லை அந்த வீடு ஏன் உடனே நம்பியது என்பதை வாசிப்பவர் அறிந்துகொள்ள வேண்டும்.

சமாதான காலம் அது. போரில் மூடிக் கிடந்த பாதை திறந்திருந்தது. எங்கள் வளவுக்குள்ளேயே குடியிருந்த சித்தப்பாவுக்கும் சின்னம்மாவுக்கும் ஒரு பெண் குழந்தை பிறந்திருந்தது. அதற்கு முன்னர் பிறந்த இரண்டு குழந்தைகளும் இடம்பெயர்ந்து அலைந்த ஆண்டுகளில், மருந்தும் மருத்துவரும் கிடைக்காமல், காய்ச்சலில் இறந்துபோயின. நான் அப்போது மிகச் சிறியவன். அவற்றைப் பற்றி வீட்டில் எவரும் பேசுவதில்லை. இந்தப் பிள்ளை தங்க வேண்டும் என்பதையும் எவரும் வாய்விட்டுச் சொல்லவில்லை. ஆனால் இரவும் பகலும் யாராவது ஒருவர் ஏணைத் தொட்டிலுக்கு அருகே இருந்தார்கள்.

சின்னம்மா விஞ்ஞானப் பட்டதாரி. உயர்தர வகுப்புகளுக்கு இரசாயனவியல் படிப்பித்தவர். அவருடைய நடத்தையில் ஒரு மாற்றத்தை நான் கவனித்தேன். பிள்ளை பார்க்க வந்தவர்கள் வாய் திறப்பதற்கு முன்னரே, "கறுப்பி. மூக்கும் சப்பை. ஆரைக் கொண்டு பிறந்ததோ தெரியேல்லை" என்பார். பெண்ணாகப் பிறந்ததில் அவருக்கு மனக்குறை என்று நான் முடிவு செய்தேன். உண்மையில் பிள்ளை நல்ல நிறம். மூக்கிலும் குறை சொல்வதற்கு ஒன்றுமில்லை.

முப்பத்தோராம் நாளில் தீட்டுக் கழித்துப் பெயர் வைக்கும் துடக்குக் கழிவுக்குச் சில நாட்கள் இருக்கையில் மாமா வந்து சேர்ந்தார். அவர் சின்னம்மாவின் தமையன், கப்பலில் வேலை செய்தவர், எட்டாம் வகுப்புடன் பாடசாலையை விட்டவர். பெரிய பெரிய பூப்போட்ட சட்டை ஒன்றை அணிந்துகொண்டு ஓமந்தைச் சோதனைச் சாவடியைத் தாண்டி வந்திருந்தார். அந்தச் சட்டையுடன் அவரை எப்படி உள்ளே விட்டார்கள் என்பதே என் தந்தையின் முதற் கேள்வியாக இருந்தது.

"பேர் நான் கொண்டு வந்திருக்கிறன், மாஸ்டர்" என்றார் மாமா, ஏதோ மீன் ரின் கொண்டுவந்தவர் போல. "புப்புக்கா."

தந்தை தேநீர்க் கோப்பையைக் கீழே வைத்தார். "அது என்ன பாஷை?"

"ஹவாய்த் தீவுப் பாஷை."

"கருத்து?"

"அங்க வடிவான பிள்ளையளைத்தான் அப்பிடிக் கூப்பிடுறவை."

"நான் கேட்டது கருத்தை. ஆரைக் கூப்பிடுறவை எண்டில்லை."

மாமா சிரித்தார். "நான் எட்டாம் வகுப்பு, மாஸ்டர். கருத்துக்கு நான் எங்க போறது?"

அவர் பின்னர் கூறியதன் சாரம் இது. கப்பல் ஏணியிலிருந்து தவறி விழுந்து காலை முறித்துக்கொண்ட அவரை, அந்தத் தீவுத் துறைமுகத்து வைத்தியசாலையில் விட்டுவிட்டுக் கப்பல் போய்விட்டது. அடுத்த கப்பல் வரும்வரை ஒரு மீன்பிடிக் குடும்பம் அவரை வீட்டில் வைத்துப் பார்த்தது. அந்த மக்களுக்குப் பெயர் என்பது காணி பூமி போன்ற சொத்து. ஒரு குடும்பத்தின் பெயரை இன்னொரு குடும்பம் கேளாமல் எடுப்பதில்லை. சில பெயர்களை இறந்துபோன மூத்தோர் கனவிலே வந்து சொல்லுவார்களாம். அப்படிச் சொன்ன பெயரை வைக்காவிட்டால் பிள்ளை நோயிற் படுத்துவிடுமாம்.

"மூடநம்பிக்கை" என்றார் தந்தை.

"இருக்கலாம். ஆனா இந்தப் பேரைக் கேட்டுத்தான் கொண்டு வந்தனான். சும்மா தூக்கிக்கொண்டு வரேல்லை."

குசினி வாசலில் நின்ற என் தாயார் இந்த இடத்தில் உள்ளே வந்தார். "ஆரிட்டைக் கேட்டனீங்கள்?"

"அந்த வீட்டு அம்மாவிட்டை."

"என்ன வயசிருக்கும் அவாவுக்கு?"

"உங்கட அம்மாவிலும் மூப்பு, அக்கா."

"மகள்மார் இல்லையோ?"

மாமா சிரித்தார். அந்தச் சிரிப்பு எங்கள் வீட்டின் அமைதியைக் கெடுத்தது. அவருக்கு அந்தத் தீவில் ஒரு குடும்பம் இருக்கிறது, அங்குள்ள பிள்ளையின் பெயரை இங்கே கொண்டுவந்து ஒட்டப் பார்க்கிறார் என்று தாயார் அன்றே தீர்மானித்தார். சித்தப்பா எதுவும் தீர்மானிக்கவில்லை. அவர் தீர்மானிக்கும் பழக்கம் உடையவர் அல்லர். என் தந்தையோ என்னுடைய தேசப்படத்தை வாங்கி, நீல நிறக் கடலின் நடுவே சிதறிக் கிடந்த சில புள்ளிகளை நெடுநேரம் பார்த்துக்கொண்டிருந்தார். அவருடைய சங்கடம் பெரிது. பிள்ளைகளுக்குத் தூய தமிழ்ப் பெயர் வைக்கவேண்டும் என்று மேடைதோறும் பேசிவந்தவர் அவர். எங்கள் குடும்பத்துப் பிள்ளைகளுக்குப் பெயர் தெரிந்தெடுப்பது அவருடைய உரிமை. இந்தப் பிள்ளைக்கும் ஒரு பெயரை ஏற்கெனவே தெரிந்தெடுத்து வைத்திருந்தார். ஆனால் தாய்மாமன் கொண்டுவந்த பெயரை, காரணம் காட்டாமல் ஒதுக்கவும் இயலாது. அவருக்கு ஒரு காரணம் தேவைப்பட்டது.

நான் என் பங்குக்கு அவதானிக்கத் தொடங்கினேன். மாமா ஏணையை ஆட்டிக்கொண்டு "புப்புக்கா, புப்புக்கா" என்று கொஞ்சுவார். சின்னம்மா வாயைப் பொத்திக்கொண்டு சிரிப்பார். பிள்ளை பிறந்த நாள்முதல் அவர் சிரித்து நான் கண்டதில்லை. நான் உள்ளே நுழைந்தால் இருவரும் பேச்சை நிறுத்திவிடுவார்கள்.

"என்ன மருமோன், உளவு பாக்கிறியோ?" என்று ஒருமுறை மாமா கேட்டார்.

"தண்ணி குடிக்க வந்தனான்" என்றேன்.

"தண்ணி கிணத்தடியில எல்லோ இருக்கு?"

இவை எல்லாவற்றையும் என் தந்தைக்கு ஒழுங்காக அறிவித்தேன். ஆயினும் என் சந்தேகம் முழுவதும் மாமாவின் மீதே இருந்தது. இரசாயனவியற் பட்டதாரி ஒருவர் எதையாவது மறைப்பார் என்று எங்கள் வீட்டில் எவருக்கும் தோன்றவில்லை.

துடக்குக் கழிவன்று காலை, ஐயர் வந்து சாமான்களைப் பரப்பத் தொடங்கிய பின்னர், தந்தை என்னை வேலியோரமாக அழைத்தார். மாமாவுடன் ஒரே கப்பலில் வேலை செய்த ஒருவர் கடைத்தெருவில் இருந்தார். போர்க்காலத்தில் தம் சமூகத்தாரோடு சேர்த்து ஊரைவிட்டு வெளியேற்றப்பட்டு, பல ஆண்டுகளின் பின் அண்மையிலேதான் திரும்பிவந்து, கயிறும் வலையும் ஆணியும் விற்கும் கடையொன்றைத் திறந்திருந்த முஸ்லிம் வியாபாரி அவர். நாங்கள் நானா என்று அழைப்போம். ஓர் அதிபர் கடைவாசலில் நின்று பெயருக்குக் கருத்துக் கேட்க முடியாது.

"ஒரு றாத்தல் ஆணி வாங்கிக்கொண்டு வா" என்றார் தந்தை. "கதையோட கதையா அந்தப் பேரையும் கேள். நான் கேக்கச் சொன்னதெண்டு சொல்லாதை."

சைக்கிளை மிதித்துக்கொண்டு போனேன். பெயரைச் சொன்னதும் நானா என்னை மேலும் கீழும் பார்த்தார்.

"அதிபர் ஐயா கேக்கச் சொன்னவரோ?"

"இல்லை. பொது அறிவுக்கு."

"பொது அறிவுக்கோ!" நானா தராசுத் தட்டைக் கையில் பிடித்தபடியே குலுங்கிக் குலுங்கிச் சிரித்தார். "அது ஏச்சு எல்லோ தம்பி. அவலட்சணம் எண்டு கருத்து. எங்கட கப்பல் சமையல்காரனைக் கண்டா அந்தத் துறைமுகத்துப் பொடியள் அப்பிடித்தான் கத்துவாங்கள். பாவம், அவன்ர முகமும் அப்பிடித்தான். ஆனா தம்பி, இஞ்ச கேளும், அதில ஒரு விசயம் இருக்கு..."

அந்த விசயத்தை நான் கேட்கவில்லை. எனக்கு வேண்டியது கிடைத்துவிட்டது. ஆணியும் வாங்காமல் திரும்பினேன்.

நான் வளவுக்குள் நுழைந்தபோது, தந்தை ஏதோ ஐயங்களை எழுப்பி ஐயரைத் தாமதப்படுத்திக்கொண்டிருந்தார். நெளுக்குளத்திலிருந்து வந்த உறவினர் பாயில் அமர்ந்திருந்தனர். அவர்கள் முன்னிலையில் எது நடந்தாலும் மறுநாள் வவுனியா முழுவதும் தெரிந்துவிடும். ஐயர் பொறுமையிழந்து, "பிள்ளைக்கு என்ன பேர் வைக்கப் போறியள்?" என்று கேட்டார். தந்தை என்னைப் பார்த்தார்.

சபை என்றால் எனக்குக் கூச்சம் இல்லை. நேராக நின்று, போட்டிகளில் பேசும் குரலில் சொன்னேன்: "புப்புக்கா என்பது பெயரே அன்று. அது ஓர் ஏச்சு. அவலட்சணம் என்பதே அதன் பொருள்."

பாயில் இருந்தவர்களிடையே ஒரு முணுமுணுப்பு எழுந்தது. தாயார், "நான் சொன்னனானெல்லோ!" என்றார். அவர் சொன்னது வேறொன்று என்பதை அந்நேரம் எவரும் நினைவுபடுத்தவில்லை.

தந்தை மாமாவின் பக்கம் திரும்பினார். "என்ன நினைச்சுக்கொண்டு நீர் இந்த வீட்டு வாசலை மிதிச்சனீர்? உம்மட தங்கச்சியின்ர பிள்ளை எல்லோ அது?"

"நான் பொய் சொல்லேல்லை, மாஸ்டர். வடிவான பிள்ளையளைத்தான் அப்பிடிக் கூப்பிடுறவை. வடிவெண்டு சொன்னா, கேக்கக் கூடாத ஆரோ அதைக் கேட்டிடுமாம். சுகமில்லாத பிள்ளையளுக்கு இதிலும் கேவலமான பேரெல்லாம் வைப்பினம். வேண்டாத சாமான் எண்டு நினைச்சு விட்டிட்டுப் போகட்டும் எண்டு."

"அது அந்தக் காட்டுத் தீவுக்குச் சரி. இது படிச்ச குடும்பம்."

"அண்ணையை ஏசாதேங்கோ, பெரியத்தான்."

சின்னம்மா எழுந்து நின்றார். பிள்ளை அவருடைய தோளில் இருந்தது.

"நான்தான் கேட்டனான். வவுனியாவுக்குப் போன நேரம் ரெலிபோனில கேட்டனான். இந்த வீட்டில ஒருத்தருக்கும் விளங்காத பாஷையில ஒரு வடிவில்லாத பேர் கொண்டு வாங்கோ எண்டு. பிச்சை எண்டு வைப்பமோ எண்டு உங்களைக் கேட்டன். அதிபர் வீட்டுப் பிள்ளைக்கு அந்தப் பேரோ எண்டியள். பக்கத்து வீட்டுக்குக் குடுத்திட்டுத் தவிட்டுக்கு வாங்குவம் எண்டன். படிச்ச நீர் இப்பிடிக் கதைக்கலாமோ எண்டு கேட்டியள். ஓம், படிச்சனான். என்ர படிப்பு அந்த ரெண்டையும் பிடிச்சு வைச்சிருக்கேல்லை, பெரியத்தான். அழுக்குப் பேர் வைச்சாலும் இதுகும் போகலாம். எனக்குத் தெரியும். நான் விஞ்ஞானம் படிச்சனான். ஆனா செய்யக்கூடின ஒண்டைச் செய்யாமல் விட்டனான் எண்டு, பிறகு என்னால இருக்க ஏலாது."

சித்தப்பா சின்னம்மாவுக்கு அருகே ஓரடி எடுத்து வைத்தார். என் தந்தை சின்னம்மாவைக் கண்டிப்பார் என்று நான் எதிர்பார்த்தேன். மேடையிலே பேசுவதற்கு எத்தனையோ வசனங்கள் அவரிடம் இருந்தன. அவற்றுள் எதை எடுப்பார் என்று காத்திருந்தேன்.

அவர் மாமாவிடம், "இன்னொருக்காச் சொல்லும்" என்றார்.

"எதை?"

"பேரை. உச்சரிப்புப் பிழைக்கக் கூடாது."

மாமா சொன்னார். தந்தை பிள்ளையைக் கையில் வாங்கினார். குனிந்து அதன் காதிலே, வகுப்பறையில் ஒரு புதிய சொல்லை அறிமுகப்படுத்துவது போல, மிகத் தெளிவாக மூன்று முறை அந்த அவலட்சணத்தைச் சொன்னார். பின்னர் பிள்ளையைச் சின்னம்மாவிடம் கொடுத்துவிட்டு, "இலையைப் போடுங்கோ, ஐயருக்கு நேரமாகுது" என்றார்.

பிற்பகலில் கிணற்றடிக்குச் சென்றேன். காலையில் முழுகியிருந்த தந்தை மீண்டும் முழுகிக்கொண்டிருந்தார். வாளி வாளியாக அள்ளித் தலையில் ஊற்றினார். முகத்தைத் துடைக்காமலே அடுத்த வாளியை இறக்கினார்.

"நான் சொன்னது சரிதானே, அப்பா?"

"சரி."

"பிறகேன் அந்தப் பேரை வைச்சனீங்கள்?"

இன்னொரு வாளியை ஊற்றினார். "ஆணி எங்கை?" என்று கேட்டார்.

என்னுடைய வெற்றிக்கு நிகழ்ந்த அவமதிப்பாகவே அதை எடுத்துக்கொண்டு வீட்டுக்குள் போய்விட்டேன். ஒரு பெரியவர் ஏன் ஒரே நாளில் இரண்டு தரம் முழுகுகிறார் என்று யோசிக்கும் வயது எனக்கு வந்திருக்கவில்லை.

பின்னர் வந்த ஆண்டுகளைப் பற்றி இங்கே எழுதப்போவதில்லை. புப்புக்கா உயிரோடு இருக்கிறாள். வடிவான பெண். எங்கள் வீட்டில் எவரும் அதைச் சொல்வதில்லை.

ஆனால் அந்த நாளைப் பற்றி உறவினரிடையே இன்றும் உலவும் கதைகளைத் திருத்துவது என் கடமை. அதிபர் கப்பற்காரனின் வெளிநாட்டுச் சாமான்களுக்கு மயங்கிவிட்டார் என்று நெளுக்குளத்தார் கூறினர். அது பொய். ஒரு பெண்ணின் வாய்க்கு அஞ்சித் தம் கொள்கையைக் கைவிட்டார் என்று வேறு சிலர் கூறுகின்றனர். அதுவும் பொய். இறந்துபோன அந்த இரண்டு குழந்தைகளுக்கும் பெயர் வைத்தவர் என் தந்தை. அந்தப் பெயர்களைச் சின்னம்மா பல ஆண்டுகளின் பின் எனக்குச் சொன்னார். இரண்டும் மிக அழகிய பெயர்கள்.