எடுக்காத சிரிப்பு

பிணமாக நடிப்பவர், காட்சி முடிந்ததும் எழுந்து கேமராவைப் பார்த்து ஒரு முறை சிரிக்க வேண்டும். அதையும் படம் பிடித்த பிறகுதான் கேமராவை நிறுத்துவோம். தீட்டுக் கழிகிறது என்று நம்பிக்கை. எனக்கு அதில் நம்பிக்கை இல்லை, ஆனாலும் ஒருபோதும் தவறவிட்டதில்லை. ஒரே ஒரு முறை தவிர.

மயிலாடுதுறைப் பக்கம் ஒரு தொலைக்காட்சித் தொடரை எழுதி இயக்கிக்கொண்டிருந்தேன். கதாநாயகனின் தாயாக நடித்தவர் சீர்காழி அருகே விவசாயக் கூலிக் குடும்பத்தில் பிறந்தவர். நான் நிலக்காரர் வீட்டுப் பிள்ளை. நடவுக் காட்சி ஒத்திகையில் என் வசனத்தைப் படித்துவிட்டு எல்லோர் முன்னாலும் சொன்னார்:

“சேத்துல குனிஞ்சு நிக்கிறவ இவ்வளவு நீளமா பேச மாட்டா சார், மூச்சு வாங்கும். நீங்க வரப்புல நின்னுதானே பாத்திருக்கீங்க!”

யூனிட்டே சிரித்தது. நானும் சிரித்தபடி வசனத்தைக் குறைத்தேன். அன்றே அவரைக் கொல்லத் தீர்மானித்தேன். தொடர் எழுதுகிறவனுக்கு அது சுலபம், ஒரு நெஞ்சுவலி போதும்.

சில நாள் கழித்துப் பத்திரிகையோடு வந்தார். “தை மாசம் பொண்ணுக்குக் கல்யாணம் சார், நீங்க கண்டிப்பா வரணும். சம்பந்தியம்மா நம்ம சீரியலை ஒருநாள் விடமாட்டாங்க. அதுவரைக்கும் என்னை உயிரோட வச்சிருங்க, புண்ணியமாப் போகும்.”

“பார்க்கலாம்மா” என்றேன். நெஞ்சுவலியை அதற்குள் எழுதி முடித்திருந்தேன்.

காவிரிக் கரையில் பாடையைப் பார்த்தபோதுதான் அவருக்கு விஷயம் தெரிந்தது. மூக்கில் பஞ்சும் நெற்றியில் காசுமாகப் படுத்தார். வாய்க்கரிசி போட்டார்கள். “கட்” என்றேன். பஞ்சை எடுத்துவிட்டு எழுந்து உட்கார்ந்தார்.

“சார், சிரிப்பு எடுக்கலையே.”

“வெளிச்சம் போகுது.”

“ஒரு நிமிஷம் சார். அதை என் போன்ல ஏத்திக் குடுத்தா சம்பந்தி வீட்ல காட்டிருவேன். ரொம்ப சகுனம் பாக்குறவங்க.”

“இத்தனை வருஷமா நடிக்கிற, இன்னும் இந்த மூடத்தனம் போகலையா? பேக்கப்!”

அதுவரை அவரை நான் ஒருமையில் அழைத்ததில்லை. கேமராமேன் என் முகத்தைப் பார்த்துவிட்டுத் தலையைத் தாழ்த்திக்கொண்டார். இன்னும் அரை மணி நேரத்துக்கு வெளிச்சம் இருந்தது.

சாவு ஒளிபரப்பானது கல்யாணத்துக்கு முந்தைய வாரம். அப்படி வரும்படி காட்சிகளை அடுக்கியவனும் நான்தான்.

கல்யாணத்துக்குப் போனேன். மேடையில் பெற்றோர் நிற்க வேண்டிய இடத்தில் பெண்ணின் சித்தப்பாவும் சித்தியும் தாரை வார்த்துக்கொண்டிருந்தார்கள். பக்கத்தில் இருந்த மேக்கப்மேன் என் காதருகே குனிந்தார்.

“வாய்க்கரிசி போட்டதைப் பாத்துட்டு சம்பந்தியம்மா ஒரே ரகளையாம் சார். பொண்ணைப் பெத்தவ மேடை ஏறக் கூடாது, ஏறினா தாலி இல்லேன்னுட்டாங்களாம்.”

பெற்றவர் சாப்பாட்டுக் கூடத்து வாசலில் பட்டுப்புடவையோடு நின்றார். அங்கிருந்து மேடை தெரியாது. கெட்டிமேளம் கேட்டதும் கையிலிருந்த அட்சதையை, தெரியாத மேடையின் திசையில் தூவினார். பிறகு என்னைக் கண்டு, “வாங்க சார், முதல் பந்தியிலயே உக்காந்துடுங்க” என்றார்.

சாப்பிடும்போது சம்பந்தியம்மா தேடி வந்து என்னோடு படம் எடுத்துக்கொண்டார். “அந்த அம்மா செத்ததுல நான் ரெண்டு நாள் சோறு திங்கல சார். சாகணும்னு விதி, என்ன பண்றது? அடுத்து யாரைச் சாகடிக்கப் போறீங்க?”

பெண்ணைப் பெற்றவர் மோர் வாளியோடு என் இலைக்கு எதிரே நின்றிருந்தார். “விதி இல்லீங்க, இவங்க மேல எனக்கிருந்த கோபம்” என்று சொல்லியிருந்தால், தாலி ஏறிவிட்டாலும், சம்பந்தியம்மா அந்த நிமிடமே அவரை ஆசீர்வாதத்துக்காவது மேடைக்கு அழைத்துப் போயிருக்கக்கூடும். சொல்ல வாய் திறந்தேன்.

“இப்பவே சொல்லிட்டா நீங்க பாக்க மாட்டீங்களே!” என்றேன். சம்பந்தியம்மா விழுந்து விழுந்து சிரித்தார். பெண்ணைப் பெற்றவர் என் இலையில் மோரை ஊற்றிவிட்டு அடுத்த இலைக்குப் போனார்.