பேச்சு முடிந்த பிறகும்

சூரமங்கலத்தில் டவுன் பஸ்ஸுக்கு நின்றுகொண்டிருந்தபோது எங்கள் ஊரான பரமத்தி வேலூரிலிருந்து பூங்கொடி அக்காவின் தம்பி கூப்பிட்டார். "அக்கா போயிருச்சுங்க. ஜெர்மனியிலயே காரியமெல்லாம் முடிக்கறாங்களாம்" என்றார். வந்த பஸ்ஸை விட்டுவிட்டேன்.

அக்கா ஜெர்மன் சினிமாவில் முப்பது வருடம் படத்தொகுப்பாளராக இருந்தவர். ஊரில் அவர் வெற்றிலைத் தோட்டத்து வீட்டுப் பெண், அவ்வளவுதான். அவருடைய படங்களின் பெயர் நம்மில் ஒருவர் வாயிலும் நுழையாது. கணவரின் வேலைக்காக மியூனிக் போனவர், பொழுது போகாமல் ஒரு ஸ்டுடியோவில் பிலிம் ஒட்டும் வேலையில் சேர்ந்தார். "பாஷை தெரியாதப்ப மூஞ்சியத்தான் பாக்க முடிஞ்சுது. அதைய வெச்சே பொழச்சுட்டேன்" என்பார்.

ஒரு படத்தில் கிழவர் ஒருவர் மகனை ரயிலேற்றிவிடுவார். ரயில் நகர்ந்ததும் வெட்டச் சொன்னார் இயக்குநர். அக்கா வெட்டவில்லை. ரயில் மறைந்து, கிழவர் வெறும் தண்டவாளத்தைப் பார்த்து, கோட்டுப் பொத்தானைப் போட்டுக்கொண்டு திரும்பும்வரை விட்டுவைத்தார். பெரிய சண்டையாம். "எங்கூர்ல பஸ்ஸு கண்ணுக்கு மறையற வரைக்கும் யாரும் ஊட்டுக்குத் திரும்ப மாட்டாங்க, அதைய எப்புடி வெட்டறதுன்னு கேட்டுப்போட்டேன்" என்று சிரிப்பார். இரண்டு விதமாகவும் போட்டுப் பார்த்த இயக்குநர், அக்கா வைத்ததையே வைத்துக்கொண்டார்.

ரயில்வே குமாஸ்தாவான எனக்குக் கேமரா பைத்தியம் உண்டு. என் அம்மாவை அவருடைய கடைசி மாதங்களில் பேசவைத்துப் படம் எடுத்தேன். அம்மா காலமான பின், விடுமுறைக்கு வந்த அக்காவிடம் அதைத் தொகுத்துத் தரச் சொன்னேன். மூன்று நாள் உட்கார்ந்து பார்த்தார்.

"பேசி முடிச்சதுமே நிறுத்திப்போட்டியே சாமி. அதுக்கப்புறந்தான அம்மா உன்னையப் பாத்திருப்பாங்க."

எனக்கு அன்று சோறு இறங்கவில்லை. அக்கா மேல் கோபம்கூட வந்தது, சொல்ல என்ன வெட்கம்.

மறுநாள் அவரே கூப்பிட்டார். ஒரேயொரு துண்டில் நான் நிறுத்த மறந்திருக்கிறேன். அம்மா பேச்சை முடித்துவிட்டு, கேமராவை மறந்து, என்னைப் பார்க்கிறார். "சாப்ட்டயா சாமி?" என்கிறார். அந்த இடத்தில் அக்கா கை வைக்கவே இல்லை. "நீ மறந்ததுனால கெடச்சுது. பத்தரமா வெச்சுக்க" என்றார்.

போன மாதம் அக்காவும் நானும் வீடியோ காலில் பேசினோம். முகம் இளைத்திருந்தது. கேட்டால், "இங்க குளுரு சாமி" என்றார். அக்கா ஒருநாளும் முதலில் போனை வைக்கமாட்டார். "செரி, வெச்சுரு" என்று சொல்லிவிட்டு நம்மையே பார்த்துக்கொண்டிருப்பார். அன்று எனக்கு ஆபீசுக்கு நேரமாகிவிட்டது. "வெச்சர்றனுங்க்கா" என்று வைத்துவிட்டேன்.

அம்மாவின் பார்வை என்னிடம் இருக்கிறது. அதைத் தேடி எடுத்துக் கொடுத்தவர் அக்கா. அன்று இன்னும் கொஞ்ச நேரம் இருந்திருந்தால் அக்காவின் பார்வையும் என்னிடம் இருந்திருக்கும்.